பாக்கெட் வைக்காதவர்

அவர் தைத்த சட்டை கிழியாது. அவர் மேல் எனக்கு இன்றுவரை கோபம் ஆறாமல் இருப்பதற்கு அதுவும் ஒரு காரணம். கிழிந்திருந்தால் தூக்கி எறிந்துவிட்டு மறந்திருப்பேன். அவர் செய்த அவமானம் ஆறு வருஷம், ஏழு வருஷம் உழைத்தது. சாயம் வெளுத்து, காலர் நைந்து, அப்போதும் ஒரு தையல் பிரியாமல் கொடியில் தொங்கிக்கொண்டு, "உனக்கு இவ்வளவுதான்" என்று தினமும் சொல்லிக்கொண்டிருந்தது.

ஊரில் எல்லோருக்கும் அவர் மாஸ்டர். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து அறுபதுகளின் கடைசி. திருப்பூரில் எந்தச் சந்தில் நுழைந்தாலும் பனியன் மெஷின் சத்தம் கேட்கத் தொடங்கிவிட்ட காலம். எங்கெங்கோ இருக்கிற முதுகுகளுக்கெல்லாம் நாங்கள் பனியன் தைத்து மூட்டை கட்டி ரயிலேற்றினோம். ஆனால் அந்தப் பனியனுக்கு மேலே ஒரு சட்டை போட வேண்டுமென்றால் மாஸ்டர் கடைக்குத்தான் போக வேண்டும். ஊரில் வேறு இரண்டு டைலர்கள் இருந்தார்கள். இரண்டு பேரும் அவரிடம் தொழில் படித்தவர்கள். அவரைக் கேட்காமல் ஒரு பித்தான் வைக்க மாட்டார்கள்.

துணியைக் கொடுத்தால் எப்படி வேண்டும் என்று அவர் கேட்டதே இல்லை. மூக்குக் கண்ணாடிக்கு மேலாக உங்களை ஒரு தடவை பார்ப்பார். அதோடு சரி. உங்கள் அப்பா யார், எங்கே வேலை, எந்தத் தெரு, எல்லாம் அவருக்குத் தெரியும். அதற்கு என்ன சட்டையோ அது வரும்.

நான் அப்போதுதான் ஒரு பனியன் கம்பெனியில் கிளார்க்காகச் சேர்ந்திருந்தேன். கிளார்க் என்றால் மூட்டையின் மேல் விலாசம் எழுதுகிறவன். முதல் சம்பளத்தில் நீலக் கோடு போட்ட துணி எடுத்துக்கொண்டு போனேன்.

"ரெண்டு பாக்கெட்டுங்க மாஸ்டர். மூடி வெச்சு."

"வெச்சுப்போடலாமுங்க தம்பி."

ஒரு வாரம் கழித்துச் சட்டை வந்தது. ஒரு பாக்கெட். மூடி கிடையாது. அதுவும் பஸ் டிக்கெட்டை நாலாக மடித்தால் உள்ளே போகும், வெளியே எடுக்க ஊக்கு வேண்டும்.

"ரெண்டு சொன்னனுங்களே?"

"சொன்னீங்க தம்பி. இல்லீங்கல." நூலைப் பல்லால் கடித்துத் துப்பினார். "உள்ள போட என்னுங்க இருக்குது?"

யோசித்துப் பார்த்தேன். ஒரு சீப்பு இருந்தது. அதற்கு வேலை கொடுக்கத் தலையில் முடியும் இருந்தது. சொன்னேனே, ரொம்பக் காலத்துக்கு முந்திய கதை. சீப்பை வைத்து வாதாட முடியாது என்று தோன்றியதால் கூலியைக் கொடுத்துவிட்டு வந்துவிட்டேன்.

வீட்டில் அப்பா சட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். தறியில் உட்கார்ந்தே முதுகு வளைந்தவர். "அவரு வெச்சா செரியாத்தான் இருக்கும்" என்றார். எனக்கு மாஸ்டரைவிட அப்பா மேல்தான் ஆத்திரமாக வந்தது. ஊரில் பாதிப்பேர் இப்படித்தான். யார் எங்கே நிற்க வேண்டும் என்பதை யாராவது ஒருவர் கத்திரிக்கோலால் வெட்டி வைத்துவிட்டால் நிம்மதி என்று இருந்தார்கள்.

பனியன் கம்பெனி முதலாளிகளுக்கு இரண்டு பாக்கெட், மூடியோடு. வாத்தியாருக்கு ஒன்று, பேனா சொருகத் தனியாக ஒரு சின்னத் தையல். காலர் அகலம்கூட ஆளுக்கு ஆள் மாறும். தறிக்காரருக்கு ஒரு விரல், கடைக்காரருக்கு ஒன்றரை. மிஷின் ஓட்டுகிறவர்கள், மூட்டை தூக்குகிறவர்கள் காலர் கேட்டால், "பொழுதுக்கும் வேர்க்கற வேலைங்க. காத்தாட வேண்டாமுங்களா?" என்று அவர்கள் நன்மைக்காகவே சொல்வார். அந்த மனுஷர் வாயிலிருந்து ஒரு கெட்ட வார்த்தை வந்து நான் கேட்டதில்லை. ஒரு வாக்கியத்துக்கு மூன்று 'ங்க' போடுவார். மூன்றும் ஊசி.

பெண்களையும் விடவில்லை. என் அக்கா ஒரு தீபாவளி நோம்பிக்குப் பப் கை வைத்த ஜாக்கெட் கேட்டாள். சினிமாவில் அப்போது எல்லாக் கதாநாயகிகளும் தோளில் இரண்டு பலூனோடு திரிந்தார்கள். வந்ததோ முழங்கை வரை இழுத்துப் பிடித்த கை. அக்கா போய்க் கேட்டாள்.

"அம்மிணிக்கு ஊட்டு வேலை இருக்குமுங்க. தண்ணி எடுக்கறப்ப பொடப்பா இருந்தா எடைஞ்சலுங்க."

அக்கா மூன்று நாள் அதைத் தொடவில்லை. நான்காம் நாள் அந்த ஜாக்கெட்டைப் போட்டுக்கொண்டு தண்ணீர் எடுக்கப் போனாள். கை இடைஞ்சலாக இல்லை. அதுதான் அவளுக்கு இன்னும் அழுகையாக வந்தது என்றாள்.

பேஷனுக்கு அவர் எதிரி என்று நினைத்துவிடக் கூடாது. கோயமுத்தூரில் காலேஜ் படித்த ஒரு முதலாளி மகன், தரையைப் பெருக்குகிற அளவுக்கு அடி அகலமான பெல்ஸ் பேண்ட் கேட்டு வந்தான். நான் கடையில்தான் இருந்தேன். மாஸ்டர் எழுந்து நின்று அளவெடுத்தார். "இன்னும் ஒரு இஞ்சி உடலாமுங்களா சின்னவரே?" என்றுகூடக் கேட்டார். சின்னவர் போனதும் எனக்கு வாய் சும்மா இருக்கவில்லை.

"எனக்கும் ஒண்ணு அதே மாதிரி தெச்சுருங்க மாஸ்டர்."

"பெரிய ஊட்டுப் பையன் போட்டா அது பேசனுங்க தம்பி. நீங்க போட்டா வேசமுங்க." பிறகு சமாதானமாக, "கொஞ்ச நாள் போகட்டுங்க" என்றார்.

அவரிடம் எந்தப் பேஷனும் இரண்டு வருஷம் ரிமாண்டில் இருக்கும். பெரிய வீடுகளில் போட்டுச் சலித்து, அவர்கள் அடுத்ததற்குப் போன பிறகு, ஒரு படி கீழே இறக்கிவிடுவார். எனக்கு அவர் பெல்ஸ் தைத்துக் கொடுத்த வருஷம் சின்னவர் மறுபடி குழாய் மாதிரி பேண்ட் போட ஆரம்பித்திருந்தார். நான் ஒருவன் மட்டும் தெருவைப் பெருக்கிக்கொண்டு நடந்தேன். நகரசபைக்காரர்கள் என்னை வேலைக்கு எடுத்திருக்கலாம்.

இன்னொன்றையும் சொல்லிவிட வேண்டும். அவர் போட்டிருந்த சட்டைக்கும் காலர் கிடையாது, பாக்கெட்டும் கிடையாது. பீடியை வேட்டி மடிப்பில் செருகியிருப்பார். ஊரில் பாதிப்பேருக்குப் பாக்கெட் வைத்தவர் தனக்கு வைத்துக்கொள்ளவில்லை. இதை நல்ல குணம் என்று சிலர் சொல்வார்கள். எனக்கு அதில்தான் பயம். கள்ளன் என்றால் பிடித்துவிடலாம். இவர் உண்மையாகவே நம்பினார்.

இதெல்லாம் ஒரு சீப்புக்காரனின் புலம்பல். மருதன் விஷயம் அப்படியில்லை.

மருதன் எங்கள் கம்பெனியின் சலவைப் பட்டறையில் வேலை செய்தான். பிளீச்சிங் பவுடர் கரைத்த தொட்டியில் துணியை மிதித்து வெளுக்கிற வேலை. ஊத்துக்குளிக்கு அந்தப் பக்கம் ஒரு ஊர். ஊருக்கு வெளியே ஒதுக்கி வைத்த வளவில் வீடு. அவன் அப்பா அந்த ஊர்ப் பெரிய தோட்டத்தில் பரம்பரையாகப் பண்ணையத்து ஆள். மருதன் எட்டாவது வரை படித்தவன். பட்டறையில் மற்றவர்கள் ரேகை வைக்கும்போது அவன் கையெழுத்துப் போடுவான். அவர்களுக்கு வருகிற கடிதத்தைப் படிப்பான், பதில் எழுதிக் கொடுப்பான். அதற்காக ஒரு பேனா வாங்கி வைத்திருந்தான். சொருக இடம் இல்லாததால் காதில் வைத்திருப்பான்; மை ஒழுகி ஒரு பக்கக் கன்னம் எப்போதும் நீலமாக இருக்கும்.

அவனுக்குக் கல்யாணம் வந்தது. சந்தன நிறத்தில் டெரிகாட்டன் எடுத்துக்கொண்டு என்னிடம் வந்தான்.

"காலர் வெச்சு, பாக்கெட் வெச்சு ஒரு சட்ட வேணுமுங்க. போன நோம்பிக்கு மாஸ்டருகிட்ட குடுத்தனுங்க. ரெண்டும் இல்லாம தலகாணி ஒறையாட்டம் தெச்சுக் குடுத்துட்டாரு."

"கல்யாணத்தன்னைக்குப் பேனாவுக்கு என்ன வேலை மருதா?"

அவன் சிரிக்கவில்லை. "எங்கூர்ல தோட்டத்து ஊட்டத் தாண்டித்தானுங்க வளவுக்குப் போகணும். அங்க வந்தா எங்காளுங்க சட்டயக் கழட்டி அக்குள்ள வெச்சுக்கோணும். எங்கப்பன் வெச்சாரு, அண்ணன் வெச்சான். நானும் வெச்சிருக்கறனுங்க. மாப்பிள்ளையாப் போறப்ப வெக்க மாட்டேன். காலரோட, பேனாவோட போகோணும்."

நான் பெரிய மூளைக்காரன் அல்லவா, திட்டம் போட்டேன். துணியை என் பெயரில் கொடுப்பது. எனக்கு ஒரு பாக்கெட், ஒரு விரல் காலர் உறுதி. இரண்டு பேருக்கும் உயரம் ஒன்று. அவனுக்குத் துணி மிதித்து மிதித்துத் தோள் அகலம்; எனக்குத் தோள் என்று தனியாகச் சொல்லும்படி ஒன்றும் இல்லை. அதைச் சமாளித்துவிடலாம்.

"கொஞ்சம் தொளதொளன்னு தெய்ங்க மாஸ்டர். உடம்பு போடலாமுன்னு இருக்கறேன்."

"நல்லதுங்க தம்பி" என்றார். டேப்பை என் முதுகில் வைத்து எடுத்தார். நோட்டில் எழுதினார். "கல்யாணங்களா?"

"ஆமாங்க. அதாவது, எனக்கு இல்லீங்க. போறதுக்குங்க."

"போய்ட்டு வாங்க."

சட்டை சனிக்கிழமை காலையில் வந்தது. மறுநாள் கல்யாணம். மருதன் பட்டறையில் கால் கையைக் கழுவிவிட்டுப் போட்டுப் பார்த்தான். அப்படியே ஊற்றி வார்த்த மாதிரி உட்கார்ந்தது. தோள், கை, மார்பு, எதிலும் நூலளவு கூடுதல் குறைச்சல் இல்லை. காலர் இல்லை. பாக்கெட் இல்லை. பொட்டலத்தில் மீதித் துணி மடித்து வைத்திருந்தது. பிரித்தால், காலருக்கு வெட்டிய துண்டும் பாக்கெட்டுக்கு வெட்டிய துண்டும். இஸ்திரி போட்டிருந்தது. துணியில் ஒரு விரல் திருடாத நாணயஸ்தர்.

கேட்டே தீர்வது என்று கடைக்குப் போனேன். வழி நெடுக ஒரு பிரசங்கம் தயார் செய்தேன். நல்ல பிரசங்கம்.

நான் வாயைத் திறப்பதற்குள் மாஸ்டரே சொன்னார். "அந்தச் சட்ட உங்களுது இல்லீங்களே தம்பி. கல்யாணம் அந்த மருதனுக்குத்தானுங்களே. அவனுக்குத் தோளு பத்தொம்பது. உங்களுக்குப் பதினாறர."

"அவன நீங்க அளவெடுக்கவே இல்லீங்களே?"

"தொட்டிகிட்ட நிக்கறப்பப் பாத்திருக்கறனுங்க. போதாதுங்களா?" மிஷினை மிதித்துக்கொண்டே சொன்னார். "காலரு வெட்டித்தான் வெச்சனுங்க. வெச்சுத் தெக்கறதுக்குக் கையி போகுல. ஆருக்கு எதுன்னு இருக்குதல்லங்க."

இப்போது நான் பிரசங்கத்தை ஆரம்பித்திருக்க வேண்டும். நான் சொன்னது: "தையல் சுத்தமா இருக்குதுங்க மாஸ்டர்." கூலியைக் கொடுத்தேன். இத்தனை வயதுக்குள் நான் பேசிய எத்தனையோ அசட்டு வாக்கியங்களில் அதற்குத்தான் முதல் பரிசு.

மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் கம்பெனியில் கூட்டம் கூடியது. எங்களிடம் முப்பது மிஷின் இருந்தது. முப்பது பேரும் நாள் முழுக்கத் தைக்கிறவர்கள். ஆனால் ஒருவருக்கும் காலர் வைக்கத் தெரியாது. பனியனுக்குக் கழுத்து மட்டும்தானே. கடைசியில் லேபிள் தைக்கிற ராசாமணியக்கா, "இப்படிக் குடுங்கய்யா, துணிக்குத் துணி ஒட்டினாப் போதாதா" என்று வாங்கிக்கொண்டாள்.

காலர் ஒருவிதமாக உட்கார்ந்தது. உள்ளே விறைப்புத் துணி இல்லாததால் வாடின இலை மாதிரி சாய்ந்து கிடந்தது. போகட்டும், காலர்தான். அடுத்தது பாக்கெட். சட்டையை எதிரே விரித்து, தடவிச் சரிசெய்து, தன் இடது கைப் பக்கம் பார்த்து வைத்து நாலு பக்கமும் சடசடவென்று ஓட்டிவிட்டாள். மேல் பக்கத்தைத் திறந்துவிட வேண்டும் என்று யாரோ கத்தியதும் அதை மட்டும் பிரித்தாள். மருதன் போட்டுக்கொண்டு நிமிர்ந்த பிறகுதான் எல்லோருக்கும் தெரிந்தது. பாக்கெட் அவன் வலது மார்பில் இருந்தது.

பனியனுக்கு முன்னும் பின்னும் உண்டு. இடமும் வலமும் கிடையாது. அக்கா அதுவரை ஆயிரம் ஆயிரமாக லேபிள் தைத்திருக்கிறாள், எல்லாம் நட்ட நடுவில். முப்பது பேர் சுற்றி நின்று பார்த்தோம். முப்பது பேருக்கும் தோன்றவில்லை.

"ஐயோ சாமி, குடுறா, பிரிச்சுப்போடறேன்" என்று ராசாமணியக்கா தலையில் அடித்துக்கொண்டாள்.

பிரித்தால் டெரிகாட்டனில் ஊசித் துளை வரிசையாகத் தெரியும். மருதன் குனிந்து பார்த்தான். பேனாவைக் காதிலிருந்து எடுத்துச் சொருகினான். நின்றது.

"இருக்கட்டுங்க அக்கா. பாக்கெட்டுத்தானுங்களே."

மறுநாள் காலை ஊத்துக்குளி ஸ்டேஷனில் இறங்கி நாங்கள் ஏழெட்டுப் பேர் நடந்தோம். தோட்டத்து வீடு வந்தது. முன்னால் கயிற்றுக் கட்டிலில் பெரியவர் உட்கார்ந்திருந்தார். எங்கள் கூட்டத்தில் வளவுக்காரர்கள் மூன்று பேர் பேச்சை நிறுத்தாமலே சட்டையைக் கழற்றி அக்குளில் வைத்துக்கொண்டார்கள். கால் கழுவுகிற மாதிரி, அவ்வளவு பழக்கம். மருதன் நடந்துகொண்டே இருந்தான்.

"ஆர்றா அது?"

"கருப்பன் மகனுங்க. மருதனுங்க."

"தெரியுது. கழட்டு."

மருதன் நின்றான். "இல்லீங்க."

"என்னடா?"

"கழட்டலீங்க."

யாரும் என்னைக் கேட்கவில்லை. நான் அந்த வளவும் இல்லை, அந்தத் தோட்டத்து ஆளும் இல்லை. என் சட்டை என் மேல் இருப்பதில் யாருக்கும் ஆட்சேபணை இல்லை. ஆனாலும் என் கை தானாகப் போய் என் மேல் பித்தானைப் பிடித்துக்கொண்டது. கழற்றுவதற்கா, காப்பாற்றிக்கொள்வதற்கா என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது.

பெரியவர் எழுந்திருக்கவில்லை. அந்த வலப்பக்கப் பாக்கெட்டையும் பேனாவையும் ரொம்ப நேரம் பார்த்தார். பிறகு தலையைத் திருப்பிக்கொண்டார். மருதன் தாண்டிப் போனான். தாலி கட்டினான்.

திங்கட்கிழமை விடிந்ததும் அவன் அப்பாவைத் தோட்டத்துக்குள் விடவில்லை. கிணற்றிலும் அவர்கள் வீட்டுக்குத் தண்ணீர் இல்லை என்றார்கள். அந்த வாரமே மருதன் அப்பா அம்மாவையும் புதுப் பெண்டாட்டியையும் கூட்டிக்கொண்டு திருப்பூரில் நெருப்பெரிச்சல் பக்கம் ஒரு தகரக் கொட்டகைக்கு வந்துவிட்டான். நாற்பது வருஷம் மாட்டோடு பேசிப் பழகிய அந்தக் கிழவர், பட்டறை வாசலில் உட்கார்ந்து வண்டி மாடுகளைப் பார்த்துக்கொண்டிருப்பார். மகனிடம் ஒரு வார்த்தை கோபமாகப் பேசினார் என்று நான் கேள்விப்படவில்லை. ஒரு வார்த்தை நல்லதாகப் பேசினார் என்றும் கேள்விப்படவில்லை.

மருதன் அதற்குப் பிறகு அந்தச் சட்டையைத்தான் போட்டான். பட்டறை முடிந்து பொழுதோட வீட்டுக்குப் போகும்போது போட்டுக்கொள்வான். அவன் வழி மாஸ்டர் கடையைத் தாண்டித்தான்.

ஒரு நாள் நான் கடையில் இருந்தேன். ஆமாம், பேண்டுத் துணி கொடுக்கத்தான் போயிருந்தேன். வேறெங்கே போவது. மருதன் தெருவில் போனான். மாஸ்டர் மிஷினை நிறுத்தினார்.

"ஏப்பா, இங்க வா."

மருதன் வந்து வாசலில் நின்றான்.

மாஸ்டர் எழுந்து போய், தொடாமல், மூக்கு இடிக்கிற மாதிரி குனிந்து பார்த்தார். வளைந்து ஓடின தையலை. சாய்ந்த காலரை. வலது பக்கப் பாக்கெட்டை. அவர் முகம் வெளுத்ததை அன்றைக்குத்தான் பார்த்தேன்.

"ஆருப்பா இப்படிப் பண்ணினது? பாக்கறவிய நான் தெச்சதுன்னு சொல்லமாட்டாங்களா? தோளப் பாத்தாலே என்ற வேலையின்னு தெரியுமே. நாலு பேரு எங்கிட்டயே கேட்டுட்டாங்க. நாலு பேரும் சிரிக்கறாங்க." கையை நீட்டினார். "கழட்டிக் குடு. நேரா வெச்சுத் தர்றேன். காலருக்குள்ள கேன்வாஸ் வெக்கறேன். எடது பக்கம் பாக்கெட்டு, பேனாவுக்குத் தனித் தையலு. கூலி வேண்டாம்."

அவன் கேட்டதெல்லாம் அதில் இருந்தது. நான்கூட, "குடுத்துரு மருதா" என்று சொல்லப் போனேன்.

"கழட்ட மாட்டனுங்க" என்றான் மருதன்.

"நல்லாத்தானப்பா பண்ணித் தர்றங்கறேன்!"

"தோட்டத்து வாசல்லயே கழட்டலீங்க. எங்கப்பன் பொழப்பே போச்சு, அப்பவும் கழட்டல. உங்க கடையில வந்தா கழட்டுவேன்?"

அவன் போய்விட்டான். மாஸ்டர் வாசலிலேயே நின்றார். அந்தச் சாய்ந்த காலர் தெருக்கோடி திரும்புகிற வரைக்கும் பார்த்தார்.

என் துணியைப் பிடுங்கிக்கொண்டு நானும் வெளியேறினேன் என்று எழுத ஆசைதான். எழுதினால் மருதன் படிப்பான். அவனுக்கு எழுத்து தெரியும்.

மாஸ்டர் திரும்பி வந்தார். கழுத்திலிருந்து டேப்பை எடுத்தார்.

"கையத் தூக்குங்க தம்பி."

தூக்கினேன்.